ஜன்னலோரத்துப் பொக்கு

துணி திரும்பி வரும், செருப்பு திரும்பி வரும், சில வீடுகளில் மாப்பிள்ளையே திரும்பி வந்துவிடுவதுண்டு. தரை மட்டும் திரும்பி வராது. போட்டவன்தான் அதைத் தேடிப் போக வேண்டும். முப்பத்தொரு வருஷமாகத் தரை போட்டுவந்த தரைக்காரருக்கு அப்படித் தேடிப் போகும்படி ஒருமுறைகூட ஆனதில்லை. மனைவி போய்ச் சேர்ந்த ஐந்தாவது மாதத்தில் ஆனது.

சேதியைச் சொன்னவர் தரைப் பலகை விற்கும் கடையின் முதலாளி. முதலாளிக்கு மீசை கொஞ்சம் தாராளம். மேலுதட்டைத் தாண்டிக் கீழுதட்டையும் விசாரித்துவிட்டு வரும். தரைக்காரருக்கோ காது பாதி போய்விட்டது. எதிரில் பேசுகிறவரின் உதட்டைப் பார்த்துத்தான் மீதிப் பாதியை நிரப்பிக்கொள்வார். ஆகவே முதலாளி என்ன சொன்னாலும் முதல் தடவை வீண். இரண்டாம் தடவை, இரண்டு விரலால் மீசையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சொல்ல வேண்டும். அன்றைக்கும் தூக்கினார்.

"தையல்காரம்மா வீட்டுத் தரை ஆடுதாம்ணே. கால் வெச்சா டக்கு டக்குங்குதாம். ஜன்னல் பக்கம் ரெண்டு பலகை வாயப் பிளந்துடுச்சாம். போன வருஷம் நீங்களும் அக்காவும் போட்டதுதான்."

"தண்ணி விட்டிருப்பாங்க."

"விடலைங்கிறாங்க."

"விட்டவங்க விட்டேன்னா சொல்லுவாங்க? நீங்க எத்தன வருஷமாக் கடை வெச்சிருக்கீங்க?"

முதலாளி சிரித்தார். பிறகு சிரிப்பை மடித்து வைத்துவிட்டு, ஆறுதல் சொல்ல வந்தவர் போல முகத்தை வைத்துக்கொண்டார். தரைக்காரருக்கு அந்த முகம்தான் பிடிக்கவில்லை.

"தப்பா எடுத்துக்காதீங்கண்ணே. கடைசிக் காலத்துல அக்காவுக்கும் காது கொஞ்சம் மந்தமாயிருக்கும். உடம்பு முடியாதவங்க, பாவம். கடையில எல்லாரும் அப்படித்தான் பேசிக்கிறாங்க."

தரைக்காரர் கருவிப் பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டார். மனைவியைப் பற்றி அவர் ஆயிரம் குறை சொல்லுவார். வாய் நீளம், பிடிவாதம், தூங்கும்போதுகூடப் போர்வையை விட்டுக்கொடுக்கமாட்டாள். ஆனால் அவள் காதை ஒருவன் குறை சொல்வதா?

அந்தக் காதின் கதையைச் சொல்லாமல் இந்தக் கதை நகராது.

வினைல் பலகை இருக்கிறதே, அது பார்வைக்கு மரம், தடிமனில் அட்டை, குணத்தில் கோள்சொல்லி. அடியில் என்ன இருக்கிறதோ அதை ஆறே மாதத்தில் ஊருக்குச் சொல்லிவிடும். அடித்தரையில் மேடு இருந்தால் பலகை முதுகைத் தூக்கும். பள்ளம் இருந்தால் காலடியில் அமுங்கி அமுங்கி, ஒரு பலகையை இன்னொரு பலகையோடு கோக்கிற பூட்டு உடைந்துபோகும். அதனால் பலகை போடுகிற வேலை ஒரு நாள் என்றால், அதற்குக் கீழே தரையைச் சரிசெய்கிற வேலை மூன்று நாள். ஆள் உயரத்துக்கும் நீளமான மட்டப்பலகையைத் தரையில் படுக்கவைத்து, கன்னத்தைத் தரையில் ஒட்டிக்கொண்டு, அதனடியில் வெளிச்சம் எங்கே கசிகிறது என்று பார்க்க வேண்டும். கசிகிற இடம் பள்ளம், பலகை தட்டாமாலை ஆடுகிற இடம் மேடு. மேட்டை மெஷின் வைத்துத் தேய்க்கலாம், பள்ளத்தில் சமன் கலவையை ஊற்றலாம். இதெல்லாம் கண்ணுக்குத் தெரிகிற குற்றம். கண்ணுக்குத் தெரிகிற குற்றத்தைச் சமாளிக்க யாராலும் முடியும்.

கண்ணுக்குத் தெரியாத குற்றத்துக்குத்தான் பொக்கு என்று பெயர். மேல்பூச்சு சிமெண்டு, அடியிலுள்ள தளத்தோடு ஒட்டாமல், சண்டை போட்ட தம்பதி போல ஒரே வீட்டில் தனித்தனியாக இருக்கும். மேலே பார்த்தால் கண்ணாடி மாதிரி மட்டம். கனத்தை வைத்தால் உள்ளே இறங்கும். அதைக் கண்டுபிடிக்க ஒரே வழி, சுத்தியல் காம்பால் அடிக்கு அடி தட்டிக் கேட்பது. கெட்டித் தரை 'ணங்' என்னும். பொக்கு 'டொப்' என்னும்.

தரை தேய்க்கும் மெஷினின் இரைச்சலுக்கு இருபத்திரண்டு வருஷம் காதைக் கொடுத்த தரைக்காரருக்கு, ஒன்பது வருஷத்துக்கு முன்னால் ஒருநாள் எல்லாத் தரையும் ஒரே மாதிரி 'ம்' என்றது. வெளியே சொன்னால் பிழைப்புப் போய்விடும். வீட்டில் சொன்னார். மறுநாள் காலையில் மனைவி வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு நின்றாள்.

"எங்க கிளம்பிட்டே?"

"வேலைக்குத்தான். காதில்லாத மனுஷன் தனியாப் போயி எதைத் தட்டி எதைக் கேக்கப் போறீங்க?"

அன்றிலிருந்து அவள்தான் காது. காலி பெயிண்டு வாளியைக் கவிழ்த்துப் போட்டு, சிம்மாசனத்தில் உட்காருகிறவள் மாதிரி உட்காருவாள். கண்ணை மூடிக்கொள்வாள். அவர் மண்டியிட்டுத் தட்டிக்கொண்டே போவார். பொக்கு வந்தால் மடியில் கிடக்கிற அவள் கையில் சுண்டுவிரல் மட்டும் எழும். உடனே அவர் சாக்கட்டியால் வட்டம் போடுவார். வட்டம் போட்ட இடத்தையெல்லாம் உளியால் உடைத்து, பெருக்கி, நிரப்பிவிட்டுத்தான் மேல் வேலை. கடையில் அவளுக்குப் பாம்புச்செவியம்மா என்று பெயர் வைத்திருந்தார்கள். பக்கத்து அறையில் வீட்டுக்காரர் தன் மனைவியிடம் "இன்னும் கொஞ்சம் கேட்டாக்கூடக் குடுத்துடலாம்" என்று முணுமுணுத்தால், இந்த அறையில் அவள் கூலியை ஒரு பிடி ஏற்றிச் சொல்லிவிடுவாள். அப்பேர்ப்பட்ட காது. அது மந்தமாம்!

தையல்காரம்மாவின் வீட்டு முன்னறைதான் அவள் கடை. இரண்டு தையல் மெஷின், ஆளுயரக் கண்ணாடி, கம்பியில் வரிசையாகத் தொங்கும் பாதிச் சட்டைகள். ஜன்னலோரத்தில் துணி வெட்டுகிற மேசை. இரும்புக் காலும் தடிப் பலகையுமாக, கல்யாண மண்டபத்துச் சமையல் மேசையைப் போலக் கிடந்தது. தையல்காரம்மா வாயில் நாலைந்து குண்டூசியைக் கவ்விக்கொண்டே ஏதோ சொன்னாள்.

"ஊசிய எடுத்துட்டுப் பேசும்மா."

அவள் ஊசிகளை எடுத்துச் சட்டைக் காலரில் குத்திக்கொண்டாள். "வாங்கண்ணேன்னு சொன்னேன். அக்கா போனது எனக்குத் தெரியாது. போன வாரம் கடையில சொல்லித்தான் தெரியும். மனசே ஆறல."

"தரையப் பாக்கணும்," என்றார் அவர். துக்கத்தை அவர் வேலை நேரத்தில் பேசுவதில்லை. "தண்ணி கிண்ணி கொட்டுச்சா?"

"சத்தியமா இல்ல."

"இஸ்திரிப் பெட்டியில தண்ணி ஊத்துவேல்ல? கைதவறி ஒரு செம்பு, ரெண்டு செம்பு?"

"அண்ணே, கைதவறிக் கொட்டுற ஆளா இருந்தா ஊர்ச் சட்டையெல்லாம் என்கிட்ட எப்படி வரும்?"

மேசையை இருவரும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து, மூச்சுப் பிடித்து நகர்த்தினார்கள். சுவரோரச் சட்டத்தைப் பெயர்த்துவிட்டு, தரைக்காரர் பலகைகளை ஒவ்வொன்றாகக் கழற்றி அடுக்கினார். ஜன்னலுக்கு நேராக வந்ததும் கை நின்றது. இரண்டு பலகையின் பூட்டும் நார்நாராக உடைந்திருந்தது. அடியில் அவர் ஊற்றிய சமன் கலவை முட்டை ஓடு மாதிரி நொறுங்கிக் கிடந்தது.

அவர் குப்புறப் படுத்து ஈரத்தைத் தேடினார். விலையைக் குறைக்க வந்த கொள்முதல்காரன் துணியில் ஓட்டையைத் தேடுவான் பாருங்கள், அப்படித் தேடினார். கலவைத் துண்டை விரலில் நசுக்கிப் பார்த்தார், மாவாக உதிர்ந்தது. முகர்ந்தார். சுவரின் அடியில் கறை உண்டா என்று நகத்தால் சுரண்டினார். ஒரு சொட்டு ஈரம் கிடைத்தால் போதும், அதைக் கையில் ஏந்திக்கொண்டு போய் முதலாளியின் மீசைக்கு முன்னால் காட்டிவிடலாம். கிடைக்கவில்லை. அந்தத் தரை எலும்பு போலக் காய்ந்து கிடந்தது.

சுத்தியலைத் திருப்பிப் பிடித்துக் காம்பால் தட்டினார். ம். நாலு விரற்கடை தள்ளித் தட்டினார். ம். உள்ளங்கையை ஊன்றிக்கொண்டு தட்டினார். கை ஒன்றும் சொல்லவில்லை. வழக்கம்போலத் தலையைத் திருப்பி வாளி இருக்கிற பக்கம் பார்த்தார். வாளி இல்லை, துணிமூட்டைதான் இருந்தது.

கடைக்காரர்கள் தாங்களாகவே ஊகித்திருந்தாலும், ஒன்பது வருஷமாக வெளியாள் யாரிடமும் தன் வாயால் சொல்லாததைச் சொன்னார்.

"எனக்கு இது கேக்காதும்மா. நான் தட்டுறேன், நீ சொல்லு. எங்க சத்தம் மாறுதுன்னு."

தையல்காரம்மா பக்கத்தில் வந்து குந்தினாள். ஆச்சரியப்பட்டதாகத் தெரியவில்லை. அதை அவர் அப்போது கவனிக்கவில்லை.

"இங்க?"

"கெட்டியா இருக்கு."

"இங்க?"

"இதுவும்."

"இங்க?"

அவள் இல்லையென்று தலையை ஆட்டினாள். அவர் சுற்றிலும் தட்டித் தட்டி, அவள் முகத்தைப் பார்த்துப் பார்த்து வட்டம் போட்டார். அண்டாவின் வாய் அளவுக்கு வந்தது வட்டம். உளியை வைத்து ஒரு போடு போட்டதும் மேல்பூச்சு தட்டுத்தட்டாகப் பெயர்ந்தது. ஒரு துண்டைத் திருப்பிப் பார்த்தார். அடிப்பக்கம் கன்னங்கரேலென்று, பல வருஷப் புழுதி படிந்திருந்தது. நேற்று முளைத்த பொக்கு அல்ல. அவர்கள் கலவை ஊற்றுவதற்கு எத்தனையோ வருஷத்துக்கு முந்தியது. அன்றைக்கு அவர் இதே இடத்தில் தட்டியிருக்கிறார். அவள் இதே அறையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறாள்.

துண்டைக் கீழே வைத்துவிட்டுச் சுவரில் சாய்ந்தார்.

"அப்ப அவங்க சொல்றது சரிதான்," என்றார், யாரிடமென்று இல்லாமல். "அவளுக்குக் கேக்கலை. காது போயிருக்கு. என்கிட்ட சொல்லல பாரு. நான் என் காது போனதை அன்னைக்கே அவகிட்ட சொன்னேன். அவ சொல்லல."

தையல்காரம்மா காலரிலிருந்து ஊசிகளை ஒவ்வொன்றாக உருவி மறுபடி வாயில் வைத்துக்கொண்டாள். வாயில் ஊசி இருந்தால் பேச வேண்டியதில்லை. ஆனால் அந்தக் கிழவன் சாய்ந்திருந்த சாய்வை அவளால் அதிக நேரம் பார்க்க முடியவில்லை. ஊசிகளைத் துப்புவது போலக் கையில் எடுத்தாள்.

"அக்காவுக்குக் கேட்டுச்சுண்ணே."

அவர் அவள் உதட்டைப் பார்த்தார். தப்பாகப் படித்துவிட்டோமோ என்று பார்த்தார்.

"நல்லாக் கேட்டுச்சு. நீங்க கலவை கலக்கப் பின்பக்கம் போனப்ப என்னைக் கூப்பிட்டாங்க. 'தங்கச்சி, இந்த ஜன்னலோரம் மட்டும் கனமா எதையும் வைக்காதே. ஒரு நாற்காலி போடு, வர்றவங்க உக்காந்து வேடிக்கை பாக்கட்டும்'னாங்க. ஏன்க்கான்னு கேட்டேன். 'உள்ள பொக்கு இருக்கு, நான் சொல்லல'ன்னாங்க."

"ஏன் சொல்லலையாம்?"

"உங்க முட்டிக்காகத்தான். அன்னைக்கு முட்டி ரெண்டும் பந்து மாதிரி வீங்கிக் கிடந்துச்சு. அதுக்கு முன்னாடியே மூணு இடம் உடைச்சிட்டீங்க. 'இன்னும் ஒண்ணு காட்டினேன்னா அந்த மனுஷன் உடைக்காம விடமாட்டாரு. உடைச்சிட்டு எந்திரிக்கவும் மாட்டாரு. வலிக்குதுன்னு வாயையும் திறக்க மாட்டாரு'ன்னாங்க. உங்ககிட்ட சொல்லக் கூடாதுன்னு கையில அடிச்சுச் சத்தியம் வாங்கிட்டாங்க." அவள் நிறுத்தி, மேசையைப் பார்த்தாள். "நானும் சரின்னுட்டேன். நல்லெண்ணம்னு மட்டும் இல்ல. எனக்கும் கடை திறக்குற அவசரம். அப்புறம் மூணு பள்ளிக்கூடத்துச் சீருடை ஆர்டர் ஒண்ணா வந்துச்சு. மேசை வாங்கினேன். போட வேற இடமில்ல. மறந்துட்டேன்னு சொன்னா பொய். ஒரு வருஷம் ஆச்சே, இனிமே என்ன ஆகப்போவுதுன்னு போட்டுட்டேன்."

அவருக்கு அந்த நாள் நன்றாக ஞாபகம் வந்தது. முட்டியை மடக்க முடியாமல் ஒரு காலை நீட்டிக்கொண்டே நகர்ந்து நகர்ந்து தட்டியது ஞாபகம் வந்தது. ஒவ்வொரு தட்டலுக்கும் அவள் கையைப் பார்த்து, விரல் எழக்கூடாதே என்று ஏங்கியதும், விரல் எழாமல் போகப்போகத் தெம்பு வந்ததும் ஞாபகம் வந்தது. வேலை முடிந்ததும் "பாத்தியா, நல்ல தரை, மூணே மூணு பொக்கு" என்று அவளிடம் பெருமையடித்தார். அவள் "ஆமா, நீங்க வர்றீங்கன்னு தெரிஞ்சு தரையே ஒழுங்கா நடந்துக்குது" என்றாள். அதைக் கேட்டு அவர் சிரித்தார். வீடுவரைக்கும் சிரித்துக்கொண்டே போனார்.

"எத்தனை தரையில இப்படிப் பண்ணாளோ," என்றார்.

"இங்க மட்டும்தான் பண்ணியிருப்பாங்க."

"உனக்கு எப்படித் தெரியும்?"

அவளுக்குத் தெரியாது.

அவருக்குக் கோபம் வந்தது. மனைவி போன நாளிலிருந்து அழுகை வந்திருக்கிறது, பயம் வந்திருக்கிறது, பசிகூட வந்திருக்கிறது. கோபம் இன்றைக்குத்தான் வந்தது. ஒன்பது வருஷமாக இருவரும் சேர்ந்து தரை போட்டதாக நினைத்திருந்தார். அவர் கை, அவள் காது, சரிபாதி வியாபாரம். இப்போது பார்த்தால் ஒரு பங்காளி இன்னொரு பங்காளியை நோயாளியாக நடத்தியிருக்கிறாள். ஒரு வார்த்தை, 'இன்னைக்கு வேணாம், நாளைக்கு வந்து உடைப்போம்' என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் அவர் கேட்டிருப்பாரா? மாட்டார்தான். தனக்கு அது தெரியும் என்பதே அவருடைய கோபத்துக்கு எரிச்சலாக இருந்தது. சண்டை போட அவள் இல்லை. எதிராளி இல்லாத சண்டையை எவ்வளவு நேரம் போடுவது?

அந்த நேரம் பார்த்து முதலாளியே வந்துவிட்டார். புகார் வந்த வீட்டுக்குத் தானே நேரில் போவது அவருடைய அப்பா காலத்துப் பழக்கம். உள்ளே வந்து, உடைந்த பூட்டையும் வட்டத்தையும் பெயர்ந்த துண்டுகளையும் பார்த்தார். கேட்கவே தேவையில்லாதபடி எல்லாம் கடை விரித்திருந்தது. மீசையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டார்.

"பழைய பொக்குதானே?"

"பழசுதான்."

"நான் சொன்னேன்ல. பரவாயில்லண்ணே, மனசு விட்றாதீங்க. அக்கா காது தப்பிடுச்சு, யார் என்ன பண்ண முடியும்? உங்க கையில குத்தமில்ல. அடுத்த மாசம் நாலு வேலை கைவசம் இருக்கு. நல்ல காதுள்ள ஒருத்தரக் கூட அனுப்பறேன். நீங்க பாட்டுக்குப் பண்ணுங்க."

நல்ல மனிதர்தான். தராசில் ஒரு தட்டில் நாலு வேலையையும் மறு தட்டில் செத்துப்போனவளின் காதையும் வைத்துக் காட்டினார். எடுத்துக்கொள்ள வேண்டியதுதான் பாக்கி. செத்தவளுக்கு இனிமேல் பேரால் என்ன லாபம் என்று எந்த வியாபாரியும் கேட்பான். தரைக்காரரும் ஒரு கணம் கேட்டுக்கொண்டார். உண்மையைச் சொல்லலாமா என்றும் பார்த்தார். சொன்னால், காது தப்பிய பாம்புச்செவியம்மா, தெரிந்தே பொக்கை மூடிய பாம்புச்செவியம்மா ஆகிவிடுவாள். மந்தத்தையாவது மன்னிப்பார்கள்.

"அவ காது தப்பல," என்றார்.

"பின்ன?"

"காட்டினா. விரலத் தூக்கிக் காட்டினா. நான்தான் உடைக்கல. முட்டி வலி, சோம்பல், பாத்துக்கலாம்னு விட்டுட்டேன். அவ வேணாம் வேணாம்னுதான் சொன்னா. அவள அதட்டிட்டு மேல ஊத்திட்டேன்."

தையல்காரம்மா வாயைத் திறந்தாள். அவர் அவளை ஒரு பார்வை பார்த்தார். அவள் வாயை மூடிக்கொண்டு, தைக்காத சட்டைக்கு நூல் கோக்க ஆரம்பித்தாள்.

முதலாளியின் கை மீசையிலிருந்து இறங்கியது. உதடு மறைந்துவிட்டதால் அடுத்து அவர் சொன்னது தரைக்காரருக்கு முழுதாகப் புரியவில்லை. பாதி புரிந்தது: தெரிஞ்சே, அப்பா காலத்துல இருந்து, உங்களப் போயி. மீதியைத் தெரிந்துகொள்ள அவர் முயலவும் இல்லை. முதலாளி இரண்டு மூன்று முறை தலையை ஆட்டிவிட்டு, போகும்போது விரலை மடக்கி ஏதோ கணக்குப் போட்டார். நாலு வேலையையும் வேறு யாருக்குப் பிரித்துக் கொடுப்பது என்று இருக்கும்.

அவர் போனதும் தையல்காரம்மா நூலைக் கடித்து எறிந்தாள்.

"ஏண்ணே இப்படிச் சொன்னீங்க? வேலை போச்சே!"

"நீ சத்தியத்த மீறிட்டே. இனிமேலாவது காப்பாத்து."

"வீட்டுல உக்காந்து என்ன செய்வீங்க?"

"இந்தத் தரைய முடிச்சிட்டு யோசிக்கறேன். வா, மீதிய தட்டணும்."

"மீதியா? ஆடுறது இங்க மட்டும்தானே?"

"எல்லாப் பலகையும் எடுத்துடப் போறேன். முழுத் தரையும் தட்டணும்."

மெஷின்களையும் கண்ணாடியையும் உள்ளறைக்கு நகர்த்த முக்கால் மணி நேரம் ஆனது. துணி வாங்க வந்தவர்களைத் தையல்காரம்மா வாசலிலேயே நிறுத்தி, நாளை வா, நாளன்றைக்கு வா என்று திருப்பி அனுப்பினாள். ஒருத்தி விடாமல் எட்டிப் பார்த்து, "என்ன, தரைக்கு அளவெடுக்கறீங்களா?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

தரைக்காரர் மீதிப் பலகைகளையும் கழற்றிவிட்டுச் சுவரோரத்திலிருந்து தொடங்கினார். தட்டுவார்; நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்ப்பார்; நகர்வார். முட்டி நரநரத்தது. அது நரநரப்பது அவருக்குக் கேட்காது, உள்ளே உணர மட்டும் முடியும். தையல்காரம்மா கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பவளைப் போலக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டாள். பாதித் தரைக்கு ஒன்றும் இல்லை. பிறகு கண்ணாடி இருந்த இடத்தில் ஒன்று, உள்ளங்கை அகலம். வட்டம் போட்டு, உடைத்து, புழுதியைத் தூரிகையால் கூட்டி எடுத்தார். மெஷின் இருந்த இடத்தில் இன்னொன்று. அதுவும் பழசு. அன்றைக்கு மனைவியின் விரல் அதற்கும் எழவில்லை.

"இங்க இன்னும் ரெண்டு இருக்கு," என்றார். "உன்கிட்ட ஒண்ணுதானே சொன்னா?"

"ஒண்ணுதான் சொன்னாங்க."

"ம்."

ஒவ்வொன்றையும் உடைத்து முடிக்க அரை மணிக்கு மேல் ஆனது. இரண்டாவதை முடித்தபோது அவர் சட்டை முதுகோடு ஒட்டிக்கிடந்தது. எழுந்திருக்கச் சுவரைப் பிடித்தார். பிடிமானம் கிடைக்காமல் மறுபடி உட்கார்ந்தார். தையல்காரம்மா வெட்டுத்துணியை நாலாக மடித்து முட்டிக்கு அடியில் வைக்க நீட்டினாள். அவர் வாங்கவில்லை.

வாசலோரம் மட்டும் பாக்கி. உட்கார்ந்தபடியே நகர்ந்துபோய்த் தட்டினார்.

"கெட்டி," என்றாள் அவள்.

இன்னொரு தரம் தட்டினார்.

"கெட்டிதாண்ணே."

அவர் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். காது போன ஒன்பது வருஷத்தில் முகம் படிப்பதில் அவர் கெட்டிக்காரர் ஆகிவிட்டதாகத்தான் நினைத்திருந்தார். வாடிக்கையாளர் எப்போது விலைக்கு இறங்குவார், முதலாளி எப்போது பொய் சொல்கிறார், எல்லாம் படிப்பார். ஒரு முகத்தை மட்டும், அது கண்ணை மூடி வாளியின் மேல் உட்கார்ந்திருந்ததால், படிக்க வேண்டும் என்றே தோன்றியதில்லை. இந்த முகத்தில் இப்போது என்ன இருக்கிறது? களைப்பு இருந்தது. இரக்கம் இருந்தது. இரக்கம் இருக்கிற முகம் உண்மை சொல்லுமா?

"நிஜமா?"

"நிஜமாண்ணே. ணங்குன்னு கேக்குது."

"என் முட்டியப் பாத்துச் சொல்றியா, தரையக் கேட்டுச் சொல்றியா?"

"தரையக் கேட்டுத்தான். என் பிள்ளைங்க மேல ஆணையா."

அவர் சாக்கட்டியை எடுத்து வட்டம் போட்டார். உளியை நிறுத்தி வைத்தார்.

"அண்ணே, கெட்டின்னு சொல்றேன்ல!"

அடித்தார். உளி எகிறியது, தரையில் ஒரு வெள்ளைத் தழும்பு மட்டும் விழுந்தது. மறுபடி அடித்தார். பொடி தெறித்தது. பொக்காக இருந்தால் நாலாவது அடியிலேயே தட்டாகப் பெயர்ந்து வந்திருக்கும். இது சுண்டுவிரல் நகத்தளவு, நகத்தளவாகத்தான் கொடுத்தது. அவர் நிறுத்தவில்லை. ஒரு கட்டத்தில் தையல்காரம்மா அவர் தோளைத் தொட்டாள், அவர் திரும்பவில்லை. அவள் வாசல் கதவைச் சாத்திவிட்டு வந்து, கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். உச்சி வெயில் சரிந்து ஜன்னல் வழியாக உள்ளே வந்தது. இரண்டு விரற்கடை ஆழம் இறங்குவதற்குள் உளியின் முனை மழுங்கிவிட்டது. கடைசியில் குழிக்குள் அடித்தளத்தின் சாம்பல் நிறம் தெரிந்தது. மேல்பூச்சும் தளமும் ஒன்றோடொன்று இறுகிப்போய், எங்கே இது முடிகிறது எங்கே அது தொடங்குகிறது என்று பிரித்துச் சொல்ல முடியாதபடி இருந்தன.

அவர் குழியில் உள்ளங்கையை வைத்துத் தடவினார். ஓரம் முழுக்கத் தடவினார். இடைவெளி இல்லை. புழுதி இல்லை.

"கெட்டிதான்," என்றார்.

"நான்தான் அப்பவே சொன்னேனே," என்றாள் தையல்காரம்மா. சொல்லும்போதே குரல் உடைந்தது. அது அவருக்குக் கேட்கவில்லை. உதடு கோணியது மட்டும் தெரிந்தது.

"நீ சொன்னே," என்றார் அவர்.

குழியில் கிடந்த தூளை உள்ளங்கையால் ஒன்று சேர்த்தார். அள்ளி வெளியே போட வேண்டும், பிரைமர் பூச வேண்டும், கலவை கலக்க வேண்டும். அதையெல்லாம் செய்யாமல் சுத்தியலைத் திருப்பிப் பிடித்து, குழிக்குப் பக்கத்தில் ஒரு சாண் தள்ளி, மெதுவாகத் தட்டிவிட்டு அவளை நிமிர்ந்து பார்த்தார்.